நாலாவது ரீலில் யாரும் கை வைக்கக் கூடாது

ஜூன் 3, செவ்வாய்

கார்முகிலன் என்று ஒருவர் வந்தார். முப்பது வயதுக்குள் இருக்கும், பரமக்குடிப் பக்கம். எல்லோரையும் போல "சார், உங்க எஃபெக்ட்ஸ் கேட்டிருக்கேன்" என்று ஆரம்பித்தால் அப்படியே திருப்பி அனுப்புவது என்று கதவைப் பாதி மட்டும் திறந்து வைத்துக்கொண்டு பேசினேன். அவர், "என் படத்துக்கு நீங்க இசையமைக்கணும் சார்" என்றார். முழுக் கதவையும் திறந்தேன்.

படத்தின் பெயர் 'எடைமேடை'. சங்ககிரிப் பக்கம் நெடுஞ்சாலை ஓரத்தில் லாரிகளை எடை போடும் இடம். அதை நடத்துகிறவன் ஒருநாள் ஒரு லாரியில் ஏறிப் போகிறான், திரும்பி வருவதில்லை. பெண்டாட்டி எடைமேடையைத் தானே நடத்துகிறாள். அவ்வளவுதான் கதை. பாட்டு கிடையாது. நாலாவது ரீல் முழுக்க அவள் வீட்டுக்குள் தனியாக இருக்கிறாள். ஒரு வசனமும் இல்லை.

"அந்த ரீலுக்காகத்தான் சார் உங்ககிட்ட வந்தேன். வயலினப் போட்டு அழ வைக்க எனக்கு ஆள் இருக்கு. அழ வைக்காம அவகூட உக்கார வைக்கணும்."

ஒரே நிபந்தனை சொன்னேன். டைட்டிலில் 'இசை' என்று போட்டு அதன் கீழே என் பெயர் வர வேண்டும். "அதுல என்ன சார் சந்தேகம்?" என்றார். இது நாற்பது வருடச் சந்தேகம் என்று அவருக்குத் தெரியாது. பேய்ப் படத்தில் ஜனங்கள் நாற்காலியை இறுக்கிப் பிடித்தது நான் செய்ததைக் கேட்டு. மாலை விழுந்தது வேறொருவர் கழுத்தில். என் பெயர் உணவு பரிமாறியவர்கள் பெயருக்குச் சற்று மேலே, 'சிறப்புச் சத்தம்: தேவசகாயம்' என்று ஓடும். சத்தமாம். சத்தம் போடுவது நாய்.

இட்லி மாவு வாங்கி வந்தேன். புளித்திருந்தது.

ஜூன் 5, வியாழன்

வீடு அமைதியாக இருக்கிறது. கிருபா தூத்துக்குடியில் மகள் பெர்சிஸ் வீட்டில் இருக்கிறாள். பிரசவத்துக்கு உதவியாகப் போனது. எனக்கு இதுதான் வசதி. குக்கர் கிடையாது, மிக்ஸி கிடையாது, நான் ஹெட்போன் மாட்டியிருக்கும்போது முதுகுக்குப் பின்னால் வந்து நின்று "ஏங்க, காப்பி ஆறுது" கிடையாது.

இந்தத் தொழிலை எனக்கு யாரும் சொல்லித்தரவில்லை. தூத்துக்குடியில் மைக் செட் கடையில் கோன் ஸ்பீக்கர் கட்டிக்கொண்டிருந்தவன் நான். கல்யாண வீட்டில் பாட்டு நின்றதும் ஸ்பீக்கரில் ஓடும் அந்த 'ம்' என்ற ஓசையைக் கேட்டுக்கொண்டு நிற்பேன். முதலாளி வயரைப் பிடுங்கச் சொல்லிக் கத்துவார். பாட்டை விட அது நன்றாக இருக்கிறது என்று எனக்குத் தோன்றியது. இன்றுவரை மாற்றிக்கொள்ளவில்லை. சுரம் படித்தவர்கள் என்னிடம் வந்து "இது என்ன ராகம்?" என்று கேட்டுச் சிரித்திருக்கிறார்கள். சிரித்தவர்கள் பேரும் எனக்கு நினைவிருக்கிறது.

ஜூன் 11, புதன்

சங்ககிரி. தயாரிப்பாளர் வைரப்பெருமாள் காரிலேயே கூட்டிப் போனார். திருச்செங்கோட்டுக்காரர், போர்வெல் வண்டிகள் வைத்திருக்கிறார், ஆப்பிரிக்கா வரைக்கும் போய்க் குழி போட்டவராம். வழியெல்லாம் பேச்சு.

"பாட்டு வேண்டாமுன்னு தம்பி சொல்லிட்டாருங்க. செரின்னுட்டேன். ஆனா ஏதாச்சும் ஒண்ணு கேக்கோணுமில்லீங்க? ஒண்ணுமே கேக்கலீன்னா ஸ்பீக்கர் போச்சுன்னு ஜனம் ஆப்பரேட்டர வையுமுங்க."

"கேட்கும்" என்றேன்.

எடைமேடையின் இரும்புத் தகட்டுக்கு அடியில் சின்ன மைக் ஒன்றை ஒட்டினேன். காற்றில் வருவதை அது எடுக்காது, இரும்புக்குள் ஓடுவதை மட்டும் எடுக்கும். சிமென்ட் ஏற்றிய லாரி மேலே ஏறியது. தகடு முனகியது. நான் தரையோடு காதை வைத்துப் படுத்துக்கொண்டேன். லாரி டிரைவர் குதித்து ஓடி வந்துவிட்டார்.

"ஐயோ, பெரியவருக்கு மயக்கமுங்க! தண்ணி தெளிங்கடா!"

தெளித்தும் விட்டார்கள். என் சட்டை நனைந்தது. மைக் நனையவில்லை, அது போதும்.

ஜூன் 14, சனி

அந்த முனகலை மெதுவாக்கி ஓட்டினேன். இன்னும் மெதுவாக. கடைசியில் அது இரும்பாகவே இல்லை. மலைக்கு அடியில் ஒரு மாடு படுத்து மூச்சு விடுவது போல இருந்தது. காலி லாரிக்கு ஒரு மூச்சு, பாரம் ஏற்றியதற்கு ஒரு மூச்சு. இரண்டையும் ஒன்றன்மேல் ஒன்று வைத்தால் நடுவில் மூன்றாவதாக ஒன்று தானாக எழுகிறது. படம் முழுவதற்கும் அதுதான் ஆதாரம்.

மதியம் சாப்பிட மறந்து போனேன். சாயங்காலம் தயிர்சாதம்.

ஜூன் 20, வெள்ளி

கார்முகிலன் வந்து ஒன்று, இரண்டு, மூன்று ரீல்களைக் கேட்டார். எழுந்து நின்று என் கையைப் பிடித்துக்கொண்டார். "சார், லாரியே பாவமா இருக்கு சார்" என்றார். இப்படி ஒருவர் சொல்லிக் கேட்க ஆயுள் வேண்டியிருக்கிறது.

டீ போட்டுக் கொடுத்தேன். சர்க்கரை எங்கே வைத்தேன் என்று தேடியதில் பால் பொங்கிவிட்டது.

ஜூன் 27, வெள்ளி

நாலாவது ரீலை ஆரம்பித்தேன்.

எனக்கு ஒரு முறை உண்டு. ஒவ்வொரு படத்திலும் வீட்டுக்குள் நடக்கும் காட்சியைத் தொடங்குவதற்கு முன்னால் இந்தக் கூடத்தின் அமைதியை, இன்றும் ஸ்பூல் டேப்பில், பதிவு செய்வேன். ஆளில்லாத அறைக்கும் ஒரு ஓசை இருக்கிறது. சுவர், தரை, ஜன்னலுக்கு வெளியே தெரு, எல்லாம் சேர்ந்து ஒரு நிறம். அந்த நிறத்தின் மேல்தான் மற்றதை வரைவேன். பதிவு செய்கிறவன் அறையில் இருக்கக் கூடாது. "யாரும் சத்தம் போடக் கூடாது" என்று சொல்லிவிட்டு, பொத்தானை அழுத்திவிட்டு, கதவைச் சாத்திக்கொண்டு தெருவில் போய் நிற்பேன். டேப் தீரும்வரை உள்ளே வரமாட்டேன். அக்கம்பக்கத்தில் இதற்காக எனக்கு ஒரு பட்டப்பெயர் இருக்கிறது. அதை இங்கே எழுதத் தேவையில்லை.

இன்று யாரிடமும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. ஆனாலும் பழக்கத்தில் உரக்கச் சொல்லிவிட்டுத்தான் வெளியே போனேன்.

மிகச் சுத்தமான பதிவு. என் வாழ்நாளில் இத்தனை சுத்தமாக வந்ததில்லை.

ஜூலை 2, புதன்

கார்முகிலன் நாலாவது ரீலைக் கேட்டார். முடிந்தபிறகும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"நல்லாருக்கு சார். ஆனா..."

"ஆனா என்ன?"

"வீடு காலியா இருக்கு சார்."

"காலியா இருக்கிற வீடுதானே?"

"இல்ல சார். அவ உள்ள இருக்கா. பேசல, நடக்கல, உக்காந்திருக்கா. ஆனா இருக்கா. இதுல யாருமே இல்ல. இது பூட்டின வீடு மாதிரி இருக்கு."

அமைதியில் ஆள் இருக்கும் அமைதி, ஆள் இல்லாத அமைதி என்று இரண்டு கிடையாது என்றேன். ஓசை இருந்தால் இருக்கிறது, இல்லாவிட்டால் இல்லை. இவர் பிறப்பதற்கு முன்பிருந்தே அமைதியைப் பதிவு செய்கிறவன் நான். "அப்ப வயலின்காரனையே கூப்பிட்டுக்கோங்க தம்பி" என்றேன்.

"அதுக்காகச் சொல்லல சார்..."

"பின்ன எதுக்குச் சொன்னீங்க?"

டீயைக் குடிக்காமல் போய்விட்டார்.

ஜூலை 3, வியாழன்

போன் செய்தார். எடுக்கவில்லை.

ஜூலை 6, ஞாயிறு

பெர்சிஸ் பேசினாள். வழக்கம்போல ஆராதனை முடிந்த பிறகு.

"சாப்ட்டியளாப்பா? மருந்து போடுதியளா?"

"எல்லாம் போடுறேன். குட்டி எப்படி இருக்கா?"

"யூகேஜி டீச்சர் இன்னைக்குக் கோயில்ல வந்து உங்க மக ரொம்பப் பேசுதான்னு கம்ப்ளெய்ன்ட். நம்ம குடும்பத்துல பேசுத பிள்ள ஒண்ணாவது இருக்கட்டும்னேன்."

எனக்கு இந்தக் கேலி பிடிக்காது. அம்மா எங்கே என்றேன்.

"கொயர் பிராக்டிஸ்ல நிக்கா. அறுப்புப் பண்டிகைக்கு அம்மாவுக்குத் தனிப் பாட்டு குடுத்திருக்காவ. ஆல்டோ குரல்ல அம்மாவ விட்டா ஆளே இல்லங்காரு சர்ச் ஐயரு."

"இந்த வயசுல என்ன பாட்டு?"

"வைக்கேம்ப்பா" என்றாள் பெர்சிஸ்.

கல்யாணமான புதிதில் கிருபா இங்கேயும் வடபழனிப் பக்கம் ஒரு சர்ச்சில் பாடிக்கொண்டுதான் இருந்தாள். வீட்டில் பழகினால் என் பதிவில் ஏறும். சொன்னேன், நிறுத்திக்கொண்டாள். அவளே நிறுத்திக்கொண்டது.

ஜூலை 9, புதன்

பூட்டின வீடு என்கிறார். அந்தச் சொல் காதிலேயே நிற்கிறது. புதுப் பதிவில் கனம் போதவில்லை, அவ்வளவுதான். பழைய கூடத்து அமைதியில் ஒன்றை எடுத்து அடியில் வைத்தால் சரியாகிவிடும் என்று பரண் மேலிருந்து ஸ்பூல் டேப்களை இறக்கினேன். ஸ்டூல் ஆடியது. பிடித்துக்கொள்ள ஆள் இல்லாததால் ஒவ்வொன்றாக இறக்க வேண்டியிருந்தது.

பெர்சிஸ் பள்ளிக்கூடம் போன காலத்து டேப் ஒன்றை ஓட்டினேன். அதே கூடம், அதே சுவர். ஓசையை மேலே மேலே ஏற்றினேன். மின்விசிறி. தெருவில் சைக்கிள். அதற்கும் கீழே ஏதோ ஒன்று. எலி என்று நினைத்தேன்.

எலி இல்லை. துணி உரசுகிறது. கொஞ்ச நேரம் கழித்து யாரோ எச்சில் விழுங்குகிறார்கள். மூச்சு. வலது மூக்கில் லேசான அடைப்போடு வரும் மூச்சு.

கிருபா அறையில் இருந்திருக்கிறாள்.

சமையல்கட்டில் இருப்பாள் என்றல்லவா நினைத்தேன்! பதிவு கெட்டுவிட்டது. இந்தப் பதிவை வைத்து அன்றைக்கு ஒரு முழுப் படம் செய்திருக்கிறேன். ஒருவரும் கண்டுபிடிக்கவில்லை, நான் உட்பட.

ஜூலை 10, வியாழன்

மற்ற டேப்கள் எந்த அளவுக்குக் கெட்டிருக்கின்றன என்று சோதித்தேன். காலையிலிருந்து நான்கு.

எல்லாவற்றிலும் இருக்கிறாள்.

ஜூலை 12, சனி

சோதனை தொடர்கிறது.

ஒன்றில், பாதியில், ஒரு சுரம். வாயைத் திறக்காமல் 'ம்' என்று ஒரே ஒரு சுரம் தொடங்கி உடனே நிற்கிறது. நினைவு வந்து நிறுத்தியிருக்கிறாள். சுருதி சுத்தமாக இருக்கிறது. அதற்குப் பிறகு மூச்சே கொஞ்ச நேரம் கேட்கவில்லை.

பழைய டேப்களில் மூச்சு வேகமாக வருகிறது. போகப்போக நிதானம். பிந்தியவற்றில் உட்காரும்போது முழங்கால் சொடுக்குகிறது. மேல்வீட்டு மிக்ஸி இன்று வெகுநேரம் ஓடியது. போய்ச் சொல்லவில்லை. ஹெட்போனில் இருந்ததால் சரியாகக் கேட்கவுமில்லை.

எதற்காக அங்கே வந்து உட்கார்ந்தாள்? பக்கத்திலேயே சமையல்கட்டு இருக்கிறது. படுக்கையறை இருக்கிறது. ஆடாமல் அசையாமல் நாற்காலியில் உட்கார்ந்து ஒரு மைக்கைப் பார்த்துக்கொண்டிருப்பதில் என்ன இருக்கிறது?

ஜூலை 14, திங்கள்

கடைசி டேப். இதற்குப் பிறகு வந்த படங்களையெல்லாம் திருப்பி அனுப்பிவிட்டேன். இதில் பாதிவரை இருக்கிறாள். பிறகு எழுந்திருக்கிறாள், சொடுக்கு, நடக்கிறாள், கதவு திறக்கிறது. அன்று பதிவைக் கெடுத்துவிட்டாள் என்று நான் சத்தம் போட்டது நினைவிருக்கிறது. என்ன சொன்னேன் என்பது நினைவில்லை. அடுத்த வாரம்தான், குட்டியைச் சுமந்துகொண்டிருந்த பெர்சிஸின் பிரசவத்துக்குக் கிளம்பினாள். ஏழாம் மாதம்கூட முடியவில்லை, இப்போதே என்ன அவசரம் என்று நான் கேட்டேன்.

கேஸ் தீர்ந்துவிட்டது. புக் செய்தேன்.

ஜூலை 18, வெள்ளி

நாலாவது ரீலைப் புதிதாகச் செய்தேன். இரும்பு முனகல் இல்லை. வேறெதுவும் இல்லை. பழைய டேப்களின் அமைதியை மட்டும் ஒன்றோடு ஒன்று இணைத்து, கேட்டும் கேட்காமலும் இருக்கும் இடத்தில் நிறுத்தினேன். அந்த ஒற்றைச் சுரத்தை எங்கே வைப்பது என்று இரண்டு நாள் யோசித்து, படத்தில் அவள் கணவனின் சட்டையைக் கொடியிலிருந்து எடுக்கப் போய் எடுக்காமல் திரும்பும் இடத்தில் வைத்தேன்.

கார்முகிலனை வரச் சொன்னேன். மன்னிப்பெல்லாம் கேட்கவில்லை. "கேளுங்க" என்றேன்.

கேட்டு முடித்து முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"சார், இருக்கா சார்."

"ம்."

"யாரு சார் அது?"

"யாருமில்ல. அறை அமைதி. எல்லாரும் செய்றதுதான்."

இந்த முறை டீயைக் குடித்தார். இன்னொன்றும் கேட்டு வாங்கிக் குடித்தார்.

ஆகஸ்ட் 5, செவ்வாய்

நாசமாய்ப் போயிற்று.

மிக்சிங் தியேட்டரில் தயாரிப்பாளருக்குப் படம் போட்டார்கள். மிக்சிங் செய்தது ஷாகுல். டேப் காலத்திலிருந்து தெரிந்தவர், நான் திட்டினாலும் போகாத ஒரே ஆள். மூன்று ரீல் வரை வைரப்பெருமாள் முன்னால் குனிந்து உட்கார்ந்து பார்த்தார். நாலாவது ரீல் வந்தது.

ஒன்றும் இல்லை. மூச்சு இல்லை, துணி இல்லை, சுரம் இல்லை. மின்விசிறிகூட இல்லை. கழுவிவிட்ட பிணவறை மாதிரி இருந்தது.

நான் எழுந்து கத்தினேன். ஷாகுல் ஓடி வந்தார். "சார், க்ளீன் பண்ணிட்டேன் சார். யாரோ மூச்சு விடுறது, முழுங்குறது, சரசரன்னு ஒரு மாதிரி... ரெகார்ட் பண்றப்ப நீங்க பக்கத்துல இருந்துட்டீங்களோன்னு நெனச்சேன். உங்க பேரு கெட்டுடக் கூடாதுன்னுதான் சார் ஒவ்வொண்ணா தேடி எடுத்தேன்."

நான் என்றைக்காவது அறையில் இருந்திருக்கிறேனா! ஆனால் அவரைத் திட்ட வாய் வரவில்லை. நான் கற்றுக்கொடுத்த சுத்தம்தான் அது. தூசி இருந்தால் அடிப்பேன் என்று நானே அவரிடம் எத்தனை முறை சொல்லியிருக்கிறேன்.

அதற்குள் வைரப்பெருமாள் முடிவுக்கு வந்துவிட்டார்.

"ஐயா, கோவிச்சுக்காதீங்க. நான் குழி போடுறவனுங்க. தண்ணி இல்லாத குழிய தண்ணி இருக்குதுன்னு சொல்ல மாட்டேனுங்க. இந்த ரீலுல ஒண்ணுமே இல்லீங்க."

"இருந்துச்சு. எடுத்துட்டாங்க."

"செரிங்க, இருக்கட்டுமுங்க. வாங்குறவங்ககிட்டப் பேசிட்டேன். பேரு தெரிஞ்ச மியூசிக் டைரக்டர் ஒருத்தராச்சும் வேணுங்கறாங்க. ஒரு தம்பி இருக்காருங்க, ரெண்டு பாட்டு இப்ப எல்லாக் கல்யாணத்துலயும் ஓடுது. அந்தத் தம்பி வந்து இந்த ரீலுல மட்டும் கொஞ்சம் வயலின் போடட்டுமுங்க."

கார்முகிலன் ஏதோ சொல்ல வாயெடுத்தார். கையைக் காட்டி நிறுத்தினேன். "நாளைக்குப் பேசுறேன்" என்று வெளியே வந்து ஆட்டோ பிடித்தேன்.

ஆகஸ்ட் 6, புதன்

காலையிலேயே மூவரும் வீட்டுக்கு வந்துவிட்டார்கள். உட்கார மூன்று நாற்காலி இல்லை. கூடத்தில் இருக்கும் மர நாற்காலியில் வைரப்பெருமாள் உட்காரப் போனார். அதில் வேண்டாம் என்று சொல்லி என்னுடையதைக் கொடுத்தேன்.

ஷாகுல் எடுத்ததையெல்லாம் திரும்ப வைத்துக் கொண்டுவந்திருந்தார். இங்கேயே போட்டுக் காட்டினேன். வைரப்பெருமாள் கேட்டார். பாதியில் சட்டென்று தலையைத் திருப்பிச் சமையல்கட்டைப் பார்த்தார்.

"வூட்டுல அம்மா இருக்காங்களா?"

"இல்ல. ஊருக்குப் போயிருக்கா."

திரும்பத் திரையைப் பார்த்தார். முடிந்ததும் மீசையைத் தடவிக்கொண்டே இருந்தார்.

"செரிங்க. இருக்குதுங்க. என்னமோ இருக்குது. ஆனா வாங்குறவனுக்கு இது பத்தாதுங்களே. இது என்னதுன்னு கேட்டா நான் என்னன்னு சொல்றது? நீங்களாச்சும் சொல்லுங்க, இது என்னதுங்க?"

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். சொல்லியிருந்தால் பேச்சு அத்தோடு முடிந்திருக்கும். கார்முகிலன் அதைப் பேட்டிகளில் சொல்லுவார், வாங்குகிறவனுக்கும் பிடித்துப்போகும், அழகான கதை. 'இசை' என்ற அட்டை எனக்கு நிற்கும். கிருபாவின் மூச்சைப் பற்றி டீக்கடையில் பேசுவார்கள்.

"அறை அமைதி" என்றேன்.

"அப்ப ஒண்ணு பண்ணலாமுங்க" என்றார் வைரப்பெருமாள். "ரெண்டுல ஒண்ணு. 'இசை'ன்னு உங்க பேரே நிக்கட்டும், ஆனா நாலாவது ரீலுல அந்தத் தம்பி வயலின் போடுவாரு, பேரு வேண்டாமுன்னுட்டாரு, வாங்குறவங்களுக்கு நான் சொல்லிக்கறேனுங்க. இல்லீன்னா இசை அவரு பேருல போவும், மத்த ரீலுல அங்கங்க போட்டுக்குவாரு. நாலாவது ரீலு உங்க இஷ்டமுங்க. நல்லா யோசிங்க. பெரியவரு, உங்க மனசு நோவக் கூடாது."

யோசிக்க என்ன இருக்கிறது?

"நாலாவது ரீல்ல யாரும் கை வைக்கக் கூடாது" என்றேன். "ஒரு தூசி எடுக்கக் கூடாது. ஷாகுல், நீயும்தான். மத்ததுக்கு யார் பேர வேணும்னாலும் போட்டுக்கோங்க."

கார்முகிலன், "சார், 'இசை'ன்னு உங்க பேரு வரணும்னு நீங்க..." என்று ஆரம்பித்தார்.

"அது அட்டை தம்பி. கண் மூடித் திறக்கிறதுக்குள்ள போயிரும்."

போகும்போது வைரப்பெருமாள் வாசலில் நின்று செருப்பை மாட்டிக்கொண்டே என்னையே பார்த்தார். "ஏனுங்க ஐயா, எங்க ஆத்தா இருந்தப்பவும் வூடு இப்படித்தானுங்க இருக்கும்" என்றார். பதிலை எதிர்பார்க்கவில்லை, போய்விட்டார்.

ஆகஸ்ட் 7, வியாழன்

ஒன்றும் எழுதத் தோன்றவில்லை. தண்ணீர் லாரி வந்தது.

நவம்பர் 7, வெள்ளி

படம் வெளியாகிவிட்டது. காலைக் காட்சிக்குப் போனேன். கூட்டம் சுமார். 'இசை' என்று அந்தத் தம்பியின் பெயர் வந்தது. எழுத்து நன்றாக இருந்தது. பின்னால் வேறு பெயர்களுக்கு நடுவே 'ஒலி: தேவசகாயம்'. சத்தம் என்று போடவில்லை, அந்த அளவில் சரி.

அந்தத் தம்பி மற்ற ரீல்களில் சில இடங்களில் என் இரும்பின் மேல் குழலைப் போட்டிருந்தார். ஓரிடத்தில் அது மோசமில்லை. அவரிடம் சொல்லமாட்டேன்.

நாலாவது ரீலைத் தொட்டிருக்கவில்லை. எனக்கு முன்வரிசையில் பாப்கார்ன் தின்றுகொண்டிருந்த ஒருவன் கையைப் பொட்டலத்துக்குள்ளேயே வைத்துக்கொண்டு அசையாமல் இருந்தான்.

நவம்பர் 10, திங்கள்

மதியம் போன். பெர்சிஸின் எண். பேசியது கிருபா. ஞாயிற்றுக்கிழமைகளில் பெர்சிஸ் கொடுத்தால் வாங்கி இரண்டு வார்த்தை பேசுவாள். அவளாக அழைத்துப் பேசி எத்தனையோ காலம் ஆகிறது.

"நாந்தான்."

"தெரியுது. என்ன?"

"படம் பாத்தோம். நேத்து பெர்சிஸ் கூட்டிட்டுப் போனா. உங்க பேரு வந்ததும் கையத் தட்டிட்டா. பக்கத்துல உள்ளவன் ஒரு மாதிரிப் பாத்தான்."

"ம்."

"ஒலின்னுல்லா போட்டிருக்கான். இசைன்னு வேற எவனோ பேரு. நீங்க சண்ட போடலியா?"

"போடல."

"போடலியா?"

குரலை இறக்கிக்கொண்டாள்.

"உடம்புக்கு ஏதும் செய்யுதா உங்களுக்கு?"

"ஒண்ணும் செய்யல. நல்லாத்தான் இருக்கேன்."

"படம் எனக்கு முழுசா வெளங்கல. ஆனா அந்தப் பிள்ள வீட்டுல ஒத்தையில இருக்கும்லா, அந்த இடம்... அந்த இடத்துல எனக்கு ஒரு இருமல் வந்துட்டு. தியேட்டர்ல நாலு பேரு இருமிக்கிட்டுத்தான் கிடந்தான். நான் என்னன்னு தெரியல, முந்தானைய வாயில வச்சு அடக்கிக்கிட்டே உக்காந்திருந்தேன். கண்ணுல தண்ணியே வந்துட்டு. பெர்சிஸ் என்னம்மா என்னம்மாங்கா. சத்தம் வந்துரப்பிடாது, வந்துரப்பிடாதுன்னே இருந்துச்சு எனக்கு. அங்க யாரு என்ன சொல்லப் போறா?"

சிரித்துக்கொண்டேதான் சொன்னாள்.

நான் ரிசீவரை மற்றக் காதுக்கு மாற்றினேன். சொல்ல எத்தனையோ இருந்தது. நுட்பமாக விளக்கலாம், எந்த டேப், எந்த வருடம் என்று.

"இருமியிருக்கலாம்" என்றேன்.

"என்னது?"

"இருமியிருக்கலாம், கிருபா."

அந்தப் பக்கம் ஒன்றும் கேட்கவில்லை. வைத்துவிட்டாளோ என்று காதை அழுத்தி வைத்துக் கேட்டேன்.

வைக்கவில்லை.